கெய்லி வாசித்தால் பிழைக்க முடியுமா?

ஐயா, கடிதம் கிடைத்தது. மகள் மருத்துவம் வேண்டாம், ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் ஸ்காட்டிஷ் மரபிசை படிக்கப் போகிறேன் என்கிறாள். வீட்டில் பேச்சுவார்த்தை நின்றுவிட்டது. சொந்தக்காரர்களின் கேலியைவிட ஸ்காட்லாந்தில் ஊர் கூடி ஆடும் இந்த 'கெய்லி' நடன நிகழ்ச்சிக்கான இசைதான் உங்களைத் தூங்கவிடவில்லை என்று புரிகிறது.

அவள் அறைச் சுவரில் ஒட்டியிருக்கும் படத்தில், சிரிக்காமல் அக்கார்டியன் என்ற துருத்தி வாத்தியம் வாசிக்கிற அந்த மனிதரைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அவர் ஜிம்மி ஷாண்ட். அவர் கதையைக் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், ஏனென்றால் அது நீங்கள் பயப்படுகிற மாதிரிக் கதை இல்லை.

1908-இல் ஸ்காட்லாந்தின் ஃபைஃப் பகுதியில் உள்ள ஈஸ்ட் வெமிஸ் கிராமத்தில் பிறந்தவர். அப்பா சுரங்கத் தொழிலாளி, அக்கார்டியன் வகையைச் சேர்ந்த மெலோடியன் வாசிப்பார். மகனும் 14 வயதில் பள்ளியை விட்டுச் சுரங்கத்தில் இறங்கினார். 1926 பொது வேலைநிறுத்தத்தின்போது தொழிலாளர்களுக்கு நிதி திரட்டும் நிகழ்ச்சிகளில் வாசித்தார். அதன் பலன், சுரங்கக் கதவு அவருக்கு மூடியது. பிறகு ஒருநாள் டண்டீ நகரில் ஓர் இசைக்கருவிக் கடைக்குள் போய், சும்மா ஓர் அக்கார்டியனை மாட்டி வாசித்துப் பார்த்தார். அந்த வாசிப்பு கடை முதலாளியின் காதில் விழுந்தது, அங்கேயே வேலை கொடுத்தார். என்ன வேலை? ஊர் ஊராகப் போய் வாத்தியம் விற்பதும் தவணைப் பாக்கி வசூலிப்பதும்! முதல் இசைத்தட்டு 1933-இல்தான் வந்தது.

பிபிசி தேர்வில் ஒருமுறை அவரைத் தள்ளினார்கள். காலால் தாளம் தட்டினாராம். ஆனால் ஆடுகிறவர்களுக்கு வேண்டியது அந்தக் கால்தான். 32 பார் (தாளச் சுற்று) கொண்ட மெட்டை எட்டுத் தடவை வாசித்து முடிக்கும்வரை வேகம் இம்மி பிசகக் கூடாது. பிசகினால் தரையில் கால்கள் முட்டிக்கொள்ளும். ஷாண்டின் சொத்தே அந்த நிதானம்தான். 1945 புத்தாண்டு அன்று அவருடைய குழு அதே பிபிசியில் ஒலித்தது. 1955-இல் அவருடைய 'புளூபெல் போல்கா' இசைத்தட்டு பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் ஏறியது. அதன் தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டின், பின்னாளில் பீட்டில்ஸோடு வேலை செய்தாரே, அவரேதான். 1999-இல் 'சர்' பட்டம். அடுத்த ஆண்டு காலமானார். அவர் மகனும் நடன இசைக்குழு நடத்தியவர்.

இதைச் சொல்லி, உங்கள் மகளும் 'சர்' பட்டம் வாங்குவாள் என்று ஆசை காட்டவில்லை. அவளிடம் கேட்க வேண்டியது, "எவ்வளவு நன்றாக வாசிக்கிறாய்?" என்பதல்ல. வாரத்தில் ஒருநாள் கெய்லி வாசித்தால், மற்ற ஆறு நாள் என்ன செய்வாய் என்று கேளுங்கள். பாடம் சொல்லிக்கொடுப்பாளா, பள்ளியில் இசை ஆசிரியையாவாளா, ஒலிப்பதிவு கற்பாளா? பதில் இருந்தால் எனக்குப் பாதிக் கவலை தீர்ந்தது.

இன்னொன்று. கிளாஸ்கோவின் ராயல் கன்சர்வேட்டரி என்ற இசைக் கல்லூரிக்கும் மருத்துவக் கல்லூரிக்கும் விண்ணப்பிக்கும் வழி தனித்தனி. ஒன்றுக்குப் போட்டால் மற்றது கெட்டுப்போகாது. இந்த ஆண்டே இரண்டுக்கும் போடட்டும், சண்டையை முடிவு வந்தபிறகு வைத்துக்கொள்ளலாம். இசைக்கான கெடு அக்டோபர் தொடக்கத்திலேயே வந்துவிடும், கவனம்.

அதற்குமுன் ஒரு சனிக்கிழமை அவள் வாசிக்கும் கெய்லிக்குப் போய் உட்காருங்கள். அவளைப் பார்க்காதீர்கள், ஆடுகிறவர்களின் கால்களைப் பாருங்கள். கடைசி நடனத்திலும் தடுமாறாமல் ஆடினார்களா என்று எனக்கு எழுதுங்கள்.