தோட்டத்துக் கேள்விகள்: அரளிக் குச்சி, அடீனியம், ஆவாரை

கேள்வி: எங்கள் வீடு மூலனூர் பக்கம். சரளை மண், போர் தண்ணீர் உப்பு. அதிகம் தண்ணீர் கேட்காத பூச்செடிகளாக இருக்கட்டும் என்று செவ்வரளியிலும் அடீனியத்திலும் குச்சி வெட்டி, தேங்காய் நார்க்கழிவு நிரப்பிய பைகளில் ஐப்பசியில் நட்டேன். தினம் இரண்டு வேளை தண்ணீர் விட்டேன். அரளி கருகிவிட்டது. அடீனியம் அடியில் கொழகொழவென்று அழுகிவிட்டது. ஏன்?
- ஒரு வாசகி, மூலனூர்

பதில்: அம்மணி, இரண்டும் வறட்சி தாங்கும் செடிகள்தான். ஆனால் இரண்டுக்கும் ஒரே பருவமும் ஒரே தண்ணீரும் கொடுத்தால் ஒத்துவராது.

அரளிக்கு ஐப்பசி நல்ல பருவம். ஆடியில் வைத்தால் பாலக்காட்டுக் கணவாய் வழியாக வீசும் காற்று, வேர் விடுவதற்குள் இலையைக் காயவைத்துவிடும். உங்கள் குச்சியைக் கெடுத்தது உப்பாகத்தான் இருக்கும். வளர்ந்த அரளி உப்புத் தண்ணீரைத் தாங்கிக்கொள்ளும், வேரில்லாத குச்சி தாங்காது. நார்க்கழிவிலும் உப்பு உண்டு, நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று தடவை அலசிப் பிழியாமல் அதைப் பையில் போடவே கூடாது. நானாக இருந்தால் நார்க்கழிவையே விட்டுவிட்டு, பாதி மணல், பாதி செம்மண் கலந்து போடுவேன். கல்லை உடைத்துச் செய்த எம்-சாண்ட் என்றால் கல்மாவு போக அலசிக்கொள்ளுங்கள். மழைத் தண்ணீரை இரண்டு குடம் பிடித்து மூடி வைத்துக்கொண்டால் குச்சிகளுக்கு அது போதும்.

பென்சில் கனத்தில், பூ எடுக்காத வாதாகப் பார்த்து ஒரு சாண் நீளம் வெட்டுங்கள். கணுவுக்குச் சற்றுக் கீழே வெட்டு விழ வேண்டும். அடி இலைகளை உருவிவிட்டு, நுனியில் இரண்டு மூன்றை மட்டும் பாதியாக நறுக்கி விடுங்கள். மண்ணில் ஒரு குச்சியால் துளை போட்டு அதில் இறக்குங்கள், நேராகக் குத்தினால் தோல் உரியும். பிறகு நிழலில் வையுங்கள். விரலை விட்டுப் பார்த்து, ஈரம் குறைந்திருந்தால் மட்டும் தண்ணீர்.

ஒன்றைக் கட்டாயம் கவனியுங்கள். துளிர் வந்ததுமே குச்சி பிடித்துவிட்டது என்று பெயர்த்து நடாதீர்கள். தண்டில் இருக்கிற சத்தை வைத்தே அது இரண்டு இலை விடும். பையின் அடி ஓட்டையில் வெள்ளை வேர் தெரிகிற வரை பொறுங்கள். இடையில் இழுத்துப் பார்த்தால் புது வேர் ஒடிந்துவிடும்.

அடீனியம் ஆப்பிரிக்காவிலும் அரேபியாவிலும் வறண்ட பூமியில் வளர்கிற செடி. தண்டிலேயே தண்ணீரைச் சேர்த்து வைத்திருக்கும், அதனால் பச்சை வெட்டோடு ஈர மண்ணில் வைத்தால் அழுகத்தான் செய்யும். மாசி, பங்குனி வெயிலில் வெட்டுங்கள். வெட்டியதை நிழலில் ஒரு வாரம் சும்மா போட்டு, வெட்டுவாய் காய்ந்து தோல் கட்டிய பிறகு நடுங்கள். நட்ட முதல் சில நாள் தண்ணீரே வேண்டாம்.

ஆனால் அடி பருத்த அழகு வேண்டுமென்றால் விதைதான் வழி. காய் ஆட்டுக்கொம்பு மாதிரி ஜோடியாக வரும். பழுப்பேறும்போது நூலால் சுற்றிக் கட்டிவிடுங்கள், இல்லாவிட்டால் ஒரு மதியத்தில் வெடித்து அத்தனையும் பறந்துவிடும். ஒவ்வொரு விதைக்கும் இரண்டு முனையிலும் பஞ்சுக் குஞ்சம் இருக்கும். புது விதை, வெயில் காலத்தில் ஒரு வாரம் பத்து நாளில் முளைத்துவிடும். தாய்ச்செடியின் நிறமே வரும் என்று மட்டும் சொல்ல முடியாது, அதே நிறம் வேண்டுமென்றால் ஒட்டுக் கட்ட வேண்டும்.

கேள்வி: பொங்கலுக்குக் காப்புக் கட்ட ஆவாரம்பூ தேடி அலைய வேண்டியிருக்கிறது. காட்டிலிருந்து செடியைப் பிடுங்கி வந்து வைத்தால் காய்ந்துவிடுகிறது.
- ஒரு வாசகர், வெள்ளகோவில்

பதில்: ஆவாரையின் ஆணிவேர் ஆழமாக இறங்கியிருக்கும். பிடுங்கும்போதே அது அறுந்துவிடும், அப்புறம் எவ்வளவு தண்ணீர் விட்டும் பயனில்லை. காட்டுச் செடியைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். காய்ந்து பழுப்பேறிய நெற்றைப் பறித்து வாருங்கள். விதைத்தோல் கெட்டி. தண்ணீரைக் கொதிக்கவைத்து இறக்கி, சற்று ஆறவிட்டு, அதில் விதையைப் போட்டு இரவெல்லாம் ஊறவையுங்கள். உப்பியதை மட்டும் விதையுங்கள். உப்பாததை உப்புத்தாளில் லேசாகத் தேய்த்து மறுபடி ஊறப்போடலாம். புரட்டாசி மழையில், செடி நிற்க வேண்டிய இடத்திலேயே குழிக்கு இரண்டு மூன்று விதை. முதல் கோடைக்கு மட்டும் அவ்வப்போது தண்ணீர் காட்டுங்கள்.

கேள்வி: வீட்டில் வெள்ளாடு இருக்கிறது. வேலியோரம் அரளி வைக்கலாமா?
- ஒரு வாசகி, ஊத்துக்குளி

பதில்: வேண்டாம். அரளியில் இலை, பூ, பட்டை எல்லாமே விஷம், காய்ந்த சருகும்கூட. கவாத்து செய்து போட்டதை ஆடு மேய்ந்தால் உயிருக்கே ஆபத்து. அடீனியத்தின் பாலும் அப்படித்தான், தொட்டால் கையைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். வேலிக்கு ஆடாதொடை வையுங்கள். மழைக்காலத்தில் குச்சி நட்டாலே பிடித்துக்கொள்ளும், வெள்ளையாகப் பூக்கும், ஆடும் வாய் வைக்காது.