எழுந்திருக்க முடியாத இருக்கை – கடிதம்

அன்புள்ள ஐயா,

வணக்கம். கோலாலம்பூரில் தொழில்துறை வடிவமைப்பு படிக்கிறேன். சொந்த ஊர் சுங்கை சிப்புட். தாத்தாவும் பாட்டியும் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிப் பால் எடுத்தவர்கள். தோட்டம் கைமாறிய பிறகு பாட்டி மலிவு விலை அடுக்குமாடி ஒன்றில் மூன்றாம் மாடியில் இருக்கிறார். மின்தூக்கி கிடையாது.

இந்தப் பருவத்தின் செய்முறைப் பணிக்காக, போத்தல் மூடிகளைச் சேகரித்து உருக்கி, அச்சில் வார்த்து ஓர் இருக்கை செய்தேன். பாட்டியின் அடுக்குமாடிக்குக் கீழே வைக்க வேண்டும் என்பது என் ஆசை. விரிவுரையாளர் பாராட்டினார். படத்தைப் பாட்டியிடம் காட்டினேன். “அழகாக இருக்கிறது கண்ணு, இதில் உட்கார்ந்தால் எப்படி எழுந்திருப்பது?” என்று கேட்டார். அன்றிலிருந்து குழப்பம். சமூகப் பொறுப்பு, சுற்றுச்சூழல் இரண்டையும் ஒரே மூச்சில்தான் வகுப்பில் சொல்கிறார்கள். என் இருக்கை சுற்றுச்சூழலுக்கு நல்லது, பாட்டிக்கு ஆகாது. இரண்டும் ஒன்றுதானா? முதலில் எதைப் பார்ப்பது? மூங்கில், மறுசுழற்சி என்று நாங்கள் படிப்பதற்கும் நம் தோட்டத்து மக்களுக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

அன்புடன்,
ஒரு வாசகி

*

அன்பு மகளுக்கு,

முதலில் பாட்டிக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

இருக்கையிலிருந்து எழுவதைப் பற்றி இளம் வயதில் யாரும் யோசிப்பதில்லை. எழுபது வயதில் அது ஒரு வேலை. குதிகாலைப் பின்னால் இழுத்து முழங்காலுக்கு அடியில் கொண்டுவர வேண்டும், உடலை முன்னால் சாய்க்க வேண்டும், கைகளை எதிலாவது ஊன்ற வேண்டும். நீங்கள் அனுப்பிய படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். இருக்கை ஒரே கட்டியாகத் தரைவரை இறங்குகிறது. குதிகால் பின்னால் போக இடமில்லை. ஊன்றக் கைப்பிடியும் இல்லை. படத்தைப் பார்த்த மாத்திரத்தில் பாட்டியின் முழங்கால் இதைக் கண்டுபிடித்துவிட்டது.

உட்கார ஆளில்லாத இருக்கையை ஓராண்டுக்குள் யாராவது இழுத்துப்போய்ப் படிக்கட்டுக்கு அடியில் போடுவார்கள். பழைய மெத்தைகளோடு அங்கே கிடக்கும். அத்தனை மூடிகளைப் பொறுக்கி, கழுவி, மின்சாரம் செலவழித்து உருக்கிய பிறகு அது மறுபடியும் குப்பைதான், முன்பைவிடக் கனமான குப்பை. ஆகவே இரண்டும் ஒன்றுதான் என்பது என் பதில். முதலில் எதைப் பார்ப்பது என்று கேட்டால், பாட்டியைப் பாருங்கள்.

தோட்டத்து மக்களுக்கும் இந்தப் படிப்புக்கும் என்ன தொடர்பு என்கிறீர்கள். சிறுவயதில் விடிவதற்கு முன் அம்மாவோடு நிரைக்கு, அதாவது அவர் பால் எடுக்கும் மர வரிசைக்கு, போயிருக்கிறேன். மரத்தைச் சுற்றி ஒரு கம்பி இருக்கும். பால் வடியும் மங்கு அதில்தான் உட்காரும். கம்பியின் ஒரு பகுதி சுருளாக முறுக்கப்பட்டிருக்கும். எதற்கென்று அம்மாவிடம் கேட்டேன். “மரம் பருக்குமே, அதற்குத்தான்” என்றார். மரம் ஆண்டுக்கு ஆண்டு பருக்கப் பருக்கச் சுருள் விரிந்து இடம் கொடுக்கும். கம்பி பட்டையில் பதிந்து மரத்தை இறுக்காது. ஆணி அடிக்க வேண்டியதில்லை. பீங்கான் மங்கு போய்ப் பிளாஸ்டிக் மங்கு வந்தபோதும் அந்தச் சுருள் அப்படியே இருந்தது. யார் முதலில் செய்தாரோ, மரம் வளரும் என்பதை மறக்காதவர்.

அதே நிரையில்தான் காண்டாக் கம்பும் இருந்தது. கம்பின் இரு முனையிலும் வாளி. இரண்டும் நிறைந்தால் 40 கிலோவை நெருங்கும். அதைத் தோளில் வைத்து, பலகை போட்ட ஓடைகளைத் தாண்டிப் பால் கொட்டகை வரை நடக்க வேண்டும். அம்மா பழைய சாரோங்கை நான்காக மடித்துத் தோளில் போட்டுக்கொள்வார். அப்படியும் வலது தோள் காய்த்துப்போய், தொட்டால் குதிகால் தோல்போல இருக்கும். மரத்தின் இடுப்புக்காக அவ்வளவு யோசித்த தொழில் மனிதரின் தோளுக்காக யோசிக்கவில்லை. மரத்துக்குக் காயம் பட்டால் நட்டம் தோட்டத்துக்கு. தோள் காய்த்தால் நட்டம் அம்மாவுக்கு. ஒரு பொருளைச் செய்யும்போது அதன் சிரமம் கடைசியில் யார் உடம்பில் போய் இறங்குகிறது என்று பார்ப்பதைத்தான் சமூகப் பொறுப்பு என்ற சொல்லால் நான் புரிந்துகொள்கிறேன்.

வீடுகளிலும் இதுதான் நடந்தது. தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தை நினைத்து உருகுகிறவன் இல்லை நான். கூரைத் தகரத்தின் சூடும் பொதுக் கழிப்பறையின் நாற்றமும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. தோட்ட வீடுகளுக்குக் குறைந்தபட்சத் தரங்களை விதித்த 1990ஆம் ஆண்டுச் சட்டம் தேவைப்பட்ட சட்டம். ஆனால் லயத்துக்கு ஒரு வாசல் இருந்தது. கோலம் போட மண், பின்னால் முருங்கையும் கறிவேப்பிலையும், மாலையில் பேசிக்கொண்டிருக்க ஒரு படி. தோட்டம் கைமாறி அந்த மக்களை அடுக்குமாடிக்கு அனுப்பியபோது சதுர அடியைக் கணக்கிட்டார்கள், படியைக் கணக்கிடவில்லை. நம் ஊரில் சந்தைக்குப் போய் வருவதையே நிறுத்திவிட்ட மூதாட்டிகளை எனக்குத் தெரியும். கால் வலி ஒரு காரணம் என்றால், இறங்கினால் உட்கார இடமில்லை என்பது இன்னொரு காரணம். நீங்கள் அங்கே ஓர் இருக்கை வைக்க நினைத்தது எவ்வளவு சரியான எண்ணம் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

நல்ல மனமும் நல்ல பொருளும் இருந்தும் தவறிப்போகும். எகிப்தில் ஹசன் ஃபாத்தி என்ற கட்டடக் கலைஞர் 1940களில் லக்சோர் அருகே புதிய குர்னா என்ற கிராமத்தைக் கட்டினார். உள்ளூர் மண்ணால் செய்த கற்கள், வளைகூரைகள், வெயிலைத் தணிக்கும் முற்றங்கள். நிலைபேறான கட்டடக் கலை என்று இன்று நீங்கள் படிப்பதில் பலவற்றை அவர் அப்போதே செய்துவிட்டார். எனக்கு மிகவும் பிடித்த மனிதர். ஆனால் பழைய குர்னா மக்களில் பெரும்பாலோர் அங்கே குடிபோக மறுத்துவிட்டார்கள். பழைய ஊர் பண்டைய கல்லறைகளின் மேல் இருந்தது, அவர்களுடைய பிழைப்பும் அவற்றைச் சுற்றியே இருந்தது. இடம் மாற்றுவதென்று அரசு முடிவெடுத்தபோது அந்தப் பிழைப்பு கணக்கில் வரவில்லை.

இதற்கு நேர்மாறான ஒன்று நம் பால்மரத்தோடு உறவுள்ளது. 1968இல் ஜெய்ப்பூரில் ராம் சந்திர சர்மா என்ற கைவினைஞரும் பி.கே. சேத்தி என்ற எலும்பு மருத்துவரும் சேர்ந்து ஒரு செயற்கைக் காலை உருவாக்கினார்கள். அதுவரை கிடைத்த மேல்நாட்டுக் காலுக்குச் சப்பாத்து போட்டாக வேண்டும். குந்தி உட்கார முடியாது, சம்மணம் போட முடியாது, வயல் சேற்றில் இறங்க முடியாது. நடக்கத் தெரிந்த கால், வாழத் தெரியாத கால். நோயாளிகள் அதைக் கழற்றி வைத்துவிட்டு ஊன்றுகோலுக்கே திரும்பினார்கள். சர்மாவும் சேத்தியும் அவர்கள் எப்படி உட்காருகிறார்கள், எங்கே நடக்கிறார்கள் என்பதிலிருந்து தொடங்கினார்கள். கந்தகம் சேர்த்துச் சூடாக்கிய ரப்பரால் பாதத்தைச் செய்தார்கள். அது வளைந்து கொடுத்தது, வெறுங்காலாக நடக்க விட்டது, விலையும் குறைவு.

உங்கள் இருக்கைக்கு வருகிறேன். ரப்பர் கட்டையில் செய்திருக்கலாமோ என்று யாராவது சொல்வார்கள். அந்தக் கட்டையின் கதை நல்ல கதைதான். 25, 30 ஆண்டு பால் கொடுத்து ஓய்ந்த மரத்தை ஒரு காலத்தில் விறகாக எரித்தார்கள். வெட்டிய சில நாளிலேயே நீலம் பூத்துப் பூச்சி அரிக்கும் மரம் அது. உடனே போரான் உப்பு ஏற்றிச் சூளையில் உலர்த்தினால் நிற்கும் என்று கண்டுகொண்ட பிறகு மேசை நாற்காலி செய்யும் மலேசியத் தளவாடத் தொழிலே அதன்மேல் எழுந்தது. ஆனால் அது வீட்டுக்குள் இருக்க வேண்டிய கட்டை. மழை பட்டால் போரான் கரைந்து வெளியேறிவிடும். ஆகவே வெளியில் வைக்கும் இருக்கைக்கு நீங்கள் எடுத்த பிளாஸ்டிக்கே சரி. பொருளை விட்டுவிடுங்கள், வடிவத்தை மாற்றுங்கள்.

பாட்டியின் முழங்கால் உயரத்தை அளந்து, உட்காரும் பலகையை அதற்குச் சற்று மேலே வையுங்கள். அடியில் குதிகாலுக்கு இடம் விடுங்கள். கைப்பிடி முன்விளிம்பு வரை வர வேண்டும், ஊன்றும்போது கை அங்கேதான் போகும். ஒரே வார்ப்பாக ஊற்றாமல் தனித்தனிப் பலகைகளாக வார்த்து, நம் ஊர் இரும்புக் கடையில் கிடைக்கும் சாதாரண போல்ட்டால் பூட்டுங்கள். ஒன்று உடைந்தால் அதை மட்டும் மாற்றிக்கொள்ளலாம். நடுப்பகல் வெயில் படாத இடத்தில் போடுங்கள். வெயில் பிளாஸ்டிக்கைக் கொதிக்க வைக்கும், நாளடைவில் நொறுங்கவும் வைக்கும்.

எந்த இடம் என்பதை மட்டும் நீங்களாக முடிவு செய்யாதீர்கள். ஒரு நாள் மாலை ஐந்து மணிக்குக் கீழே போய் நின்று, யார் எங்கே இளைப்பாறுகிறார்கள் என்று பாருங்கள். கால்வாய்த் திட்டில் ஒருவர், மோட்டார் சைக்கிள் மேல் ஒருவர், மளிகைப் பையைத் தரையில் வைத்துவிட்டுத் தூணில் சாய்ந்தபடி ஒருவர் இருப்பார்கள்.

தீபாவளிக்கு ஊருக்கு வரும்போது எங்கள் வீட்டுக்கு வாருங்கள். அம்மாவின் காண்டாக் கம்பு இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. இரண்டு வாளியிலும் தண்ணீர் நிரப்பி, பின்கட்டுக் குழாயிலிருந்து கொய்யா மரம் வரை ஒருமுறை தூக்கி நடந்து பாருங்கள். பாட்டியையும் அழைத்து வாருங்கள். எங்கள் வீடு தரைவீடுதான், கைப்பிடி வைத்த நாற்காலிகள் இரண்டு இருக்கின்றன.

அன்புடன்.