மண்டை மேட்டை அளந்து டிவி பெரும்புள்ளிகளைக் கிண்டல் செய்யலாமா?

கேள்வி: விவாத நெறியாளர்களின் தலையைத் தடவிக் குணம் சொல்வதுபோல் நையாண்டி எழுதுகிறார்கள். அது பொய் அறிவியல்தானே, அதை ஏன் பிடித்துத் தொங்க வேண்டும்?

பொய் என்பதால்தான். தலையைத் தடவிக் குணம் சொல்லும் இந்தக் கபாலவியலைத் தொடங்கிய ஜெர்மன் மருத்துவர் ஃபிரான்ஸ் ஜோசப் கால் (பெயர்தான் கால், பார்த்தது தலை), மூளையில் 27 குணங்களுக்குத் தனித்தனி இடம் உண்டு, ஓர் இடம் பெருத்தால் மண்டையோடும் அங்கே புடைக்கும் என்றார். 1820களில் பிரெஞ்சு உடலியல் ஆய்வாளர் ஃப்ளூரான்ஸ் விலங்குகளில் செய்த சோதனைகளே அதை ஆட்டம் காண வைத்தன. 2018-ல் ஆக்ஸ்போர்டு ஆய்வாளர்கள் ஏறக்குறைய 6,000 பேரின் எம்ஆர்ஐ படங்களில் தேடியும் ஒன்றும் சிக்கவில்லை. கிருஷ்ணகிரி மண்டியில் கிளிமூக்கு மாங்காயை உருட்டிப் பார்த்து ரகம் சொல்பவரை நம்பலாம். கால் சொன்னதை நம்ப முடியாது.

சரி, நெறியாளருக்கு வருவோம். அரை மணி நேரத்தில் ஒருவரைத் துரோகி என்று தீர்ப்பெழுதுகிறார், கொஞ்சமும் சந்தேகமில்லாத குரலில். அதே குரலில் அவருக்கே ஓர் அறிக்கை எழுதுங்கள்: "காதுக்கு மேல் குறுக்கிடும் குணம், அபார வளர்ச்சி. கேட்கும் குணம் இருக்க வேண்டிய இடத்தில் பள்ளம்." நெறியாளரின் உறுதியும் மண்டை பார்ப்பவரின் உறுதியும் ஒரே தரம் என்பது பளிச்சென்று தெரியும்.

ஆனால் நிறம், மூக்கு பக்கம் போகாதீர்கள். கறுப்பின மக்களையும் காலனி நாட்டவரையும் தாழ்ந்தவர் என்று காட்டவும் இதே கபாலவியல்தான் பயன்பட்டது.

இப்படி ஒன்றைத் தர்மபுரி பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில் வாசித்துக் காட்டினேன். டீ ஆற்றிய அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தார். அப்புறம் சத்தமில்லாமல் தன் பின்மண்டையைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.