சாச்சுரேஷன் 98 இருக்கு, எதுக்கு ஆக்சிஜன்?

தலைவலி சம்பந்தமாக வந்த கடிதங்களில் இந்தத் தடவை பாதிக்கு மேல் ஒரே விஷயம்தான்: கிளஸ்டர் தலைவலியும் ஆக்சிஜனும். முதல் கடிதம் நீளமானது, கொஞ்சம் சுருக்கியிருக்கிறேன்.

கேள்வி: டாக்டர், எனக்கு வயது 38. மார்கழி பிறந்தாலே பயம் வந்துவிடும். அதிலிருந்து ஒன்றரை மாதத்துக்கு, ராத்திரி ஒன்றரை மணிக்கு அலாரம் வைத்த மாதிரி வலது கண்ணுக்குப் பின்னால் வலி கிளம்பும். கண் சிவந்து தண்ணீர் கொட்டும், அந்தப் பக்க மூக்கு அடைத்துக்கொள்ளும். படுக்க முடியாது, வீட்டுக்குள்ளேயே நடப்பேன், சுவரில் தலையை முட்டிக்கொள்வேன். ஒரு மணி நேரத்தில் தானாக அடங்கிவிடும். சைனஸ் என்று நான்கு வருடம் மாத்திரை சாப்பிட்டேன், நல்ல கடைவாய்ப்பல் ஒன்றையும் பிடுங்கிக்கொண்டேன். போன வருடம்தான் நரம்பியல் டாக்டர் ஒருவர் கிளஸ்டர் தலைவலி என்று கண்டுபிடித்து, வலி வந்தால் ஆக்சிஜன் எடுக்கச் சொன்னார். ராத்திரியில் பக்கத்து ஆஸ்பத்திரிக்கு ஓடினால், விரலில் கிளிப்பை மாட்டிப் பார்த்துவிட்டு 'சாச்சுரேஷன் 98 இருக்கு, எதுக்கு ஆக்சிஜன்?' என்கிறார்கள். கெஞ்சிய பிறகு மூக்கில் குழாய் வைத்து நாலு லிட்டரில் பத்து நிமிடம் விட்டார்கள். ஒன்றும் குறையவில்லை. எனக்கு ஆக்சிஜன் கேட்காதா?
(பெயர் வேண்டாம், கரூர்)

பதில்: கேட்குமா கேட்காதா என்று இன்னும் யாரும் பார்க்கவே இல்லை. மூக்குக் குழாயில் நாலு லிட்டர் வைத்தால், சுற்றியுள்ள காற்றும் கலந்து, நீங்கள் இழுக்கும் மூச்சில் ஆக்சிஜன் சுமார் 35 சதவீதம்தான் இருக்கும். சாதாரணக் காற்றிலேயே 21 இருக்கிறது. கிளஸ்டருக்கு வேண்டியது கிட்டத்தட்ட சுத்தமான ஆக்சிஜன், நிமிடத்துக்கு 12 முதல் 15 லிட்டர், அதுவும் பை தொங்கும் மாஸ்க் (நான்-ரீபிரீதர் என்பார்கள்) வழியாக, முழுசாக 15 நிமிடம். கால்வாசி மாத்திரையைக் கொடுத்துவிட்டு மருந்து வேலை செய்யவில்லை என்று சொன்ன கதைதான் இது.

கிளிப் காட்டிய 98-ஐப் பற்றிச் சொல்கிறேன் (சாச்சுரேஷன் என்பது ரத்தத்தில் ஆக்சிஜன் எத்தனை சதவீதம் நிறைந்திருக்கிறது என்ற கணக்கு), ஏனென்றால் குழப்பமே அங்கேதான். கொரோனாவுக்குப் பிறகு ஆக்சிஜன் என்றால் மூச்சு முட்டுகிறவர்களுக்கு என்று எல்லோர் மனதிலும் பதிந்துவிட்டது, ஆஸ்பத்திரிக்காரர்கள் உட்பட. உங்கள் ரத்தத்தில் ஆக்சிஜன் குறையவே இல்லை, அது உண்மைதான். இங்கே அதைக் கொடுப்பது குறையை நிரப்ப இல்லை, வலியை நிறுத்தும் மருந்தாக. அதிக அளவு ஆக்சிஜன் மூளையின் ரத்தக் குழாய்களைச் சுருக்கும் என்பது பழைய விளக்கம். கண்ணீரையும் மூக்கு ஒழுகலையும் கிளப்பிவிடும் பாராசிம்பதடிக் நரம்புப் பாதையை அது அடக்குகிறது என்று விலங்குச் சோதனைகளில் தெரிகிறது. இரண்டில் எது முக்கியம் என்ற விவாதம் முடியவில்லை, ஆனால் வலி நிற்கிறது என்பதில் விவாதம் கிடையாது.

இது புது வைத்தியமும் இல்லை. அமெரிக்காவில் மேயோ கிளினிக்கைச் சேர்ந்த பேயார்ட் ஹார்ட்டன் 1950களிலேயே ஆக்சிஜனைப் பற்றி எழுதிவிட்டார் (இந்தத் தலைவலிக்கே ரொம்ப நாள் அவர் பெயர்தான்). 1981இல் கலிஃபோர்னியாவின் லீ குட்ரோ 52 பேருக்கு நிமிடத்துக்கு 7 லிட்டர் கொடுத்துப் பார்த்ததில் முக்கால்வாசிப் பேருக்கு வலி அடங்கியது. சந்தேகப் பிராணிகளின் வாயை அடைத்தது 2009இல் லண்டனில் இருந்து வந்த ஆய்வு. கோஹன், பர்ன்ஸ், கோட்ஸ்பி மூவரும் 109 பேரைச் சேர்த்து, சில தடவை ஆக்சிஜன், சில தடவை வெறும் காற்று என்று 12 லிட்டரில் கொடுத்தார்கள், எந்த சிலிண்டரில் எது என்று நோயாளிக்கும் தெரியாது, மருத்துவருக்கும் தெரியாது. 15 நிமிடத்தில் வலி போனது அல்லது நன்றாகக் குறைந்தது ஆக்சிஜனில் 78 சதவீதம், காற்றில் 20 சதவீதம். பிரிட்டனின் அரசு வழிகாட்டுதல் 2012 முதல் குறைந்தது 12 லிட்டர் என்றே சொல்கிறது, கூடவே இந்த வலிக்குப் பாரசிட்டமால் கொடுக்க வேண்டாம் என்றும். இவ்வளவுக்கும் பிறகு அமெரிக்காவின் மெடிகேர் காப்பீடு, வீட்டில் ஆக்சிஜன் வைத்துக்கொள்ள 2021 வரை ஆய்வில் சேர்ந்தவர்களுக்கு மட்டுமே பணம் கொடுப்போம் என்று இழுத்தடித்தது. காப்புரிமை இல்லாத மலிவான வாயு, அதற்காகப் பேச எந்தக் கம்பெனி வரும்?

இன்னொரு குறை நம் மொழியிலேயே இருக்கிறது. மைக்ரேனுக்கு 'ஒற்றைத் தலைவலி' என்று பெயர் வைத்துவிட்டோம். கிளஸ்டரும் ஒரு பக்கம்தான் வரும், அதனால் எல்லாமே ஒற்றைத் தலைவலிக் கணக்கில் போய்விடுகிறது. மைக்ரேன்காரர் இருட்டறையில் அசையாமல் படுப்பார், கிளஸ்டர்காரர் உங்களைப் போல நடப்பார், முட்டுவார். மைக்ரேன் நாள்கணக்கில் இழுக்கலாம், இது கால் மணியிலிருந்து மூன்று மணி நேரத்துக்குள் முடிந்துவிடும், ஆனால் ஒரே நாளில் எட்டு தடவைகூட வரலாம். கடிகாரம் பார்த்து வருவதற்குக் காரணம், உடலின் தூக்கச் சுழற்சியை நடத்தும் ஹைபோதலாமஸ் என்ற மூளைப் பகுதி இதில் சம்பந்தப்பட்டிருப்பதுதான்.

சரி, இப்போது செய்ய வேண்டியது. உங்கள் நரம்பியல் டாக்டரிடம் ஒரு சீட்டு எழுதி வாங்குங்கள்: கிளஸ்டர் தலைவலி, நூறு சதவீத ஆக்சிஜன், நிமிடத்துக்கு 12 முதல் 15 லிட்டர், நான்-ரீபிரீதர் மாஸ்க், 15 முதல் 20 நிமிடம், சாச்சுரேஷன் நார்மலாக இருந்தாலும் கொடுக்கவும். கடைசி வரியை விட்டுவிட வேண்டாம், ராத்திரி டியூட்டியில் இருப்பவரோடு வாதாட உங்களால் முடியாது. பை நன்றாக உப்பிய பிறகு மாஸ்க்கை முகத்தில் இடைவெளி இல்லாமல் வையுங்கள். உட்கார்ந்து கொஞ்சம் முன்னால் குனிந்துகொள்ளுங்கள். மூச்சை இழுக்கும்போது பை முழுசாகச் சப்பிப்போனால் வேகம் போதவில்லை என்று அர்த்தம், ஏற்றுங்கள். வலி போய்விட்டது என்று உடனே கழற்றிவிடாமல் இன்னும் ஐந்து நிமிடம் வைத்திருங்கள்.

எல்லாவற்றையும் விட முக்கியம் நேரம். வண்டி எடுத்து, ஆஸ்பத்திரி போய், சீட்டு போட்டு, படுக்கை கிடைப்பதற்குள் உங்கள் வலி முக்கால்வாசி ஆட்டம் ஆடி முடித்திருக்கும். முதல் குத்து குத்தும்போதே ஆரம்பித்தால்தான் பலன். அதனால் சிலிண்டர் வீட்டில்தான் இருக்க வேண்டும்.

கேள்வி: என் வீட்டுக்காரருக்கு கிளஸ்டர். கொரோனா சமயத்தில் மாமியாருக்காக வாங்கிய 5 லிட்டர் கான்சன்ட்ரேட்டர் சும்மாதான் இருக்கிறது. அதையே பயன்படுத்தலாமா? சிலிண்டர் என்றால் எது வாங்குவது?
(வாசகி, திண்டுக்கல்)

பதில்: அது போதாதும்மா. கான்சன்ட்ரேட்டர் அறைக் காற்றிலிருந்து ஆக்சிஜனைப் பிரித்துக் கொடுக்கும் இயந்திரம். 5 லிட்டர் என்பதுதான் அதன் உச்ச வேகம், நமக்கு வேண்டியது 12. பை மாஸ்க் மாட்டினால் பை உப்பவே உப்பாது. யாருக்காவது தேவைப்பட்டால் கொடுத்துவிடுங்கள்.

சிலிண்டரில், வீடுகளில் பார்க்கும் சிறிய பி டைப்பில் சுமார் 1,500 லிட்டர் வாயு இருக்கும். 12 லிட்டர் வேகத்தில் 15 நிமிடம் என்றால் ஒரு தடவைக்கு 180 லிட்டர், ஆக எட்டு தடவைக்கு வரும். பெரிய டி டைப்பில் 7,000 லிட்டர், முப்பத்தெட்டு தடவை தாங்கும், ஆனால் அதை மாடிக்கு ஏற்றுவதற்குள் வேறு வலி வந்துவிடும். வலிக்காலம் பெரும்பாலும் வருடத்தில் சில வாரங்கள்தான் என்பதால் வாங்குவதைவிட வாடகைக்கு எடுங்கள், இரண்டு பி டைப், ஒன்று எப்போதும் நிறைந்தபடி. வேகத்தைக் காட்டும் ஃப்ளோமீட்டர் 15 லிட்டர் வரை காட்டுகிறதா என்று கடையிலேயே திருகிப் பாருங்கள். ஆக்சிஜனை ஈரமாக்க மாட்டும் தண்ணீர் பாட்டில் இந்தக் கால் மணி நேரத்துக்குத் தேவையில்லை. திறக்கும் சாவியைக் கயிறு போட்டு சிலிண்டரிலேயே கட்டிவிடுங்கள், ராத்திரி ஒன்றரை மணிக்கு அது மட்டும் கிடைக்காது.

பூஜை அறை, அடுப்படி, கொசுவத்திச் சுருள் இவற்றுக்குப் பக்கத்தில் வைக்கவே கூடாது. ரெகுலேட்டர் இறுக்கமாக இருக்கிறது என்று எண்ணெய் விடுவார்கள் நம் ஆட்கள், அழுத்தமான ஆக்சிஜனும் எண்ணெயும் சேர்ந்தால் தீப்பிடிக்கும். சாய்ந்து விழாதபடி நிற்க வைத்துக் கட்டுங்கள்.

இன்னொன்று. ஆக்சிஜன் அன்றைய வலியை நிறுத்தும், அடுத்த நாள் வருவதைத் தடுக்காது. வாரத்துக்கு வாரம் சிலிண்டர் காலியாகிறது என்றால் தடுப்பு மருந்து போதவில்லை என்று பொருள். வெரபமில் மாத்திரைதான் வழக்கமாகக் கொடுப்பது, அளவைக் கூட்டும்போது ஈசிஜி பார்த்துக்கொண்டே கூட்ட வேண்டும். அது வேலை செய்ய ஆரம்பிக்கும் வரை சில நாளைக்கு ஸ்டீராய்டு கொடுப்பதும் உண்டு. டாக்டரிடம் கேளுங்கள்.

கேள்வி: வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். கடையிலேயே ஆக்சிஜன் சிலிண்டர் நிற்கிறது. தலைவலிக்கு அதையே இழுத்தால் என்ன?
(வாசகர், ஈரோடு)

பதில்: வேண்டாம். வாயு அதுதான் என்றாலும் அந்த சிலிண்டருக்குள் வேறு என்ன கலந்திருக்கிறது என்று யாரும் சோதிப்பதில்லை. மருத்துவ ஆக்சிஜன் நம் சட்டப்படி ஒரு மருந்து, அதன் சிலிண்டருக்குக் கறுப்பு உடம்பு, வெள்ளைத் தோள். உங்கள் பட்டறை சிலிண்டருக்கு வெள்ளைத் தோள் இருக்காது பாருங்கள்.

கேள்வி: இருபது வருடமாக சிகரெட் பிடிக்கிறேன், கிளஸ்டர் இருக்கிறது. இவ்வளவு ஆக்சிஜன் உள்ளே போனால் நுரையீரல் கெடாதா?
(வாசகர், மதுரை)

பதில்: ஒரு நாளைக்குச் சில தடவை, கால் கால் மணி நேரம் எடுப்பதால் ஆரோக்கியமான நுரையீரலுக்குக் கேடு இல்லை. இருபது வருட சிகரெட் செய்ததைத்தான் நான் பார்க்க வேண்டும். நாள்பட்ட இருமல், இளைப்பு இருந்தால் முதலில் நுரையீரல் பரிசோதனை செய்யுங்கள், சி.ஓ.பி.டி. (மூச்சுக்குழாய் அடைக்கும் நாள்பட்ட நுரையீரல் நோய்) முற்றியவர்களுக்கு அதிக ஆக்சிஜன் கொடுத்தால் ரத்தத்தில் கார்பன் டை ஆக்சைடு ஏறிவிடும். மாஸ்க் போட்டிருக்கும்போது வீட்டில் யாருமே பற்றவைக்கக் கூடாது, கழற்றிய கையோடு நீங்களும் பற்றவைக்கக் கூடாது, சட்டையிலும் முடியிலும் ஆக்சிஜன் கொஞ்ச நேரம் தங்கும். அப்புறம், வலிக்காலத்தில் மதுவைத் தொடாதீர்கள். ஒரு பெக் போதும், ஒரு மணி நேரத்துக்குள் வலியைக் கூப்பிட்டுவிடும்.

கேள்வி: எனக்கு மைக்ரேன். நானும் ஆக்சிஜன் எடுக்கலாமா? கிளஸ்டர் ஆண்களுக்கு மட்டும்தான் வருமாமே?
(வாசகி, தஞ்சாவூர்)

பதில்: மைக்ரேனுக்கு ஆக்சிஜனில் இந்த அளவுக்கு பலன் நிரூபணம் ஆகவில்லை, அதற்கு வேறு நல்ல மருந்துகள் இருக்கின்றன. கிளஸ்டர் ஆண்களுக்கு அதிகம் என்றாலும் பெண்களுக்கும் வருகிறது, பெண் என்பதாலேயே மைக்ரேன் என்று எழுதிவிடுகிறார்கள். உங்கள் வலி எத்தனை மணி நேரம் நிற்கிறது, அப்போது படுக்கிறீர்களா நடக்கிறீர்களா என்று ஒரு மாதம் குறித்துவைத்துக் காட்டுங்கள். எதுவானாலும், இதுவரை வராத மாதிரி திடீரென்று இடி விழுந்தாற்போல் வந்த வலி, காய்ச்சலோடு கழுத்து விறைப்பு, கண் சிவந்து பார்வை மங்குவது, இதெல்லாம் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியவை.

கேள்வி: வேலை விஷயமாக மாதம் இரண்டு தடவை விமானத்தில் டெல்லி போகிறேன். சிலிண்டரைக் கொண்டுபோக முடியுமா?
(வாசகர், கோயம்புத்தூர்)

பதில்: சொந்த சிலிண்டரை விமானத்தில் ஏற்ற விடமாட்டார்கள். பயணத்துக்கு சுமட்ரிப்டான் 6 மில்லிகிராம் ஊசி இருக்கிறது, தோலுக்கடியில் நீங்களே போட்டுக்கொள்ளலாம், பெரும்பாலும் கால் மணி நேரத்தில் கேட்கும். 24 மணி நேரத்தில் இரண்டுக்கு மேல் கூடாது, இதய அடைப்போ கட்டுப்படாத ரத்த அழுத்தமோ இருந்தால் ஒன்றுகூடக் கூடாது. மாத்திரையாக வாங்கிவிடாதீர்கள், அது கரைந்து ரத்தத்தில் ஏறுவதற்குள் வலி தானே போயிருக்கும். மருந்துச் சீட்டைப் பையிலேயே வைத்துக்கொள்ளுங்கள், பாதுகாப்புச் சோதனையில் ஊசியைப் பார்த்தால் கேட்பார்கள். டெல்லியில் நாலைந்து நாள் தங்குவதாக இருந்தால் அங்கேயே ஒரு சிலிண்டரை வாடகைக்குச் சொல்லிவையுங்கள், மாஸ்க் மட்டும் இங்கிருந்து எடுத்துப் போங்கள், பை தொங்கும் மாஸ்க் கேட்டால் சாதாரண மாஸ்க்கை நீட்டும் கடைகள் எல்லா ஊரிலும் இருக்கின்றன.