வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: வசனத்தையே உயிராகக் கொண்ட நாடகங்களைத் தொலைக்காட்சிக்காக பாலே நடனமாக்கினால் அவற்றில் என்ன மிஞ்சும்? மேடையில் ஆடுவதை அப்படியே படம்பிடித்தால் போதாதா? – வாசகி, திருச்சி.

பதில்: பெர்னார்ட் ஷாவின் 'பிக்மேலியன்' நாடகத்தையே எடுத்துக்கொள்வோம். 1913-இல் வியன்னாவில் முதன்முதலாக மேடையேறிய அந்நாடகம் முழுக்க முழுக்க உச்சரிப்பைப் பற்றியது. பூக்காரி எலைசாவின் கொச்சைப் பேச்சைத் திருத்தி, அவளை உயர்குலப் பெண்ணாகவே ஊரை நம்பவைப்பதாகப் பேராசிரியர் ஹிக்கின்ஸ் பந்தயம் கட்டுகிறார். பேச்சே இல்லாத கலைக்கு இதைவிடப் பொருந்தாத கதை கிடைக்காது என்றுதான் தோன்றும். ஆனால், 1977-இல் சோவியத் தொலைக்காட்சிக்காக இயக்குநர் அலெக்சாந்தர் பெலின்ஸ்கியும் நடன அமைப்பாளர் திமித்ரி பிரியாந்த்செவும் இதைக் 'கலாத்தியா' என்ற பாலே படமாக்கியபோது, நாக்கில் இருந்த கொச்சையை உடம்புக்கு மாற்றினார்கள். மாஸ்கோவின் போல்ஷாய் பாலே அரங்கின் புகழ்பெற்ற நடனமணி யெகத்தெரீனா மக்சீமவா, தாம் பழகிய ஒயிலையெல்லாம் ஒதுக்கிவைத்துவிட்டுக் கோணலும் முரடுமாக ஆடத் தொடங்கி, மெல்ல மெல்ல நிமிர்கிறார். அந்த நிமிர்வில் ஷாவின் நாடகம் முழுவதும் இருக்கிறது என்பேன்.

வசனத்தில் செவிவழிச் செய்தியாக வருவதைக் கண்ணெதிரே நிகழ்த்துவது மற்றொரு வழி. சுவீடன் நாடகாசிரியர் ஸ்ட்ரிண்ட்பெர்கின் 'மிஸ் ஜூலி' நாடகத்தில், தனக்கு நிச்சயிக்கப்பட்டவனைக் குதிரைச் சவுக்கைத் தாண்டிக் குதிக்கும்படி பிரபுவின் மகள் ஜூலி ஆட்டிவைத்ததை வேலைக்காரன் வாயால்தான் கேட்கிறோம். சுவீடனின் நடன அமைப்பாளர் பிர்கிட் குல்பெர்க் 1950-இல் அமைத்த பாலேயிலோ, சவுக்கு நீள்கிறது, அவன் குதிக்கிறான், நாமே பார்க்கிறோம்.

மேடையாட்டத்தை அப்படியே படம்பிடிப்பது ஏன் போதாது என்றால், முழு உடலையும் காட்டும்போது முகம் பொட்டளவாகச் சிறுத்துவிடும். முகத்தை நெருங்கினாலோ பாலேக்கு ஆதாரமான பாதங்கள் திரைக்கு வெளியே போய்விடும். அதோடு, மேடை பார்வையாளருக்கு அருகில் அகன்றிருக்கிறது; கேமராவின் பார்வையோ அருகில் குறுகி, தொலைவில் விரிகிறது. குல்பெர்க் இந்த வேறுபாட்டைக் குறையாகக் கருதாமல், தொலைக்காட்சிக்கென்றே அமைத்த நடனங்களில் அதை ஒரு கருவியாகவே பயன்படுத்தினார். தொலைவில் சிற்றுருவாக நிற்பவர் சில அடிகள் முன்னே வந்தாலே திரையை அடைத்துக்கொண்டு நிற்பார். எந்த மேடையிலும் ஒரு நடனமணியால் அப்படி வளர முடியாது.