வாசகர் கேள்வி – பதில்: மேட்டூர்க் காவிரியும் சேர்வராயன் மலை ஓடைகளும்

காவிரியைப் பற்றிச் சேலம் வட்டாரத்து வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுள் சிலவற்றுக்கு இந்த இதழில் விடை தருகிறோம்.

கேள்வி: மேட்டூர் அணையின் உயரம் 214 அடி என்று படித்திருக்கிறேன். செய்தித்தாளில் மட்டும் முழு நீர்மட்டம் 120 அடி என்றே போடுகிறார்கள். எது சரி? நீர்மட்டம் 100 அடி என்றால் ஆறில் ஐந்து பங்கு நிரம்பிவிட்டது என்று கொள்ளலாமா? – ஓமலூர் வாசகர்

பதில்: இரண்டும் சரியே. 214 அடி என்பது பாறைவரை தோண்டிப் போட்ட அடித்தளத்திலிருந்து எடுத்த கட்டுமானத்தின் உயரம். 120 அடி என்பது தேங்கும் நீரின் அளவு. கடல் மட்டத்திலிருந்து 790 அடி உயரத்தில் நீர் நின்றால் அணை நிரம்பியதாகக் கணக்கு; ஆகவே அளவுகோலின் பூச்சியம் 670 அடியில் தொடங்குகிறது.

இரண்டாவது கேள்விக்கு விடை, கொள்ள முடியாது என்பதுதான். நீர்த்தேக்கப் பள்ளத்தாக்கு உருளிப் பாத்திரத்தைப் போல அடியில் குறுகி மேலே அகன்றது. முழுக் கொள்ளளவு 93.47 டி.எம்.சி.; 100 அடியில் இருப்பது ஏறத்தாழ 65 டி.எம்.சி. மட்டுமே. கீழேயுள்ள நூறு அடியில் ஓர் அடிக்குச் சராசரியாக முக்கால் டி.எம்.சி.கூடத் தேறாது, கடைசி இருபது அடியிலோ ஓர் அடிக்கு ஒன்றே கால் டி.எம்.சி.க்கு மேல் அடங்குகிறது. நீர்மட்டம் 110 அடியைத் தாண்டிய பிறகு மெதுவாக ஏறுவதுபோல் தோன்றுவதற்கு இதுவும் ஒரு காரணம். ஒரு டி.எம்.சி. என்பது 100 கோடி கன அடி. வினாடிக்கு 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுவதும் நீர் வந்தால் ஒரு டி.எம்.சி. சேரும். இந்த ஓர் எண்ணை நினைவில் வைத்துக்கொண்டால், அணை நிரம்ப இன்னும் எத்தனை நாளாகும் என்பதைச் செய்தித்தாளிலுள்ள நீர்வரத்தைக் கொண்டு நீங்களே தோராயமாகக் கணக்கிட்டுவிடலாம்.

கேள்வி: காவிரி குடகிலிருந்து இவ்வளவு தூரம் வந்து நம் மாவட்டத்துக்குள் எப்படி நுழைகிறது? அணை கட்ட மேட்டூரை ஏன் தேர்ந்தெடுத்தார்கள்? – மேச்சேரி வாசகர்

பதில்: குடகின் தலைக்காவிரியில், கடல் மட்டத்திலிருந்து 1,300 மீட்டருக்கும் மேலான உயரத்தில் பிறந்து, ஏறத்தாழ 800 கிலோமீட்டர் ஓடி வங்கக் கடலில் கலக்கும் இந்த ஆற்றின் நீர்வளத்தில் பெரும்பகுதி, ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவமழை மேற்குத் தொடர்ச்சி மலையில் கொட்டுவதைப் பொறுத்தது. ஹாரங்கியும் ஹேமாவதியும் கிருஷ்ணராஜ சாகர் அணைக்கு மேலேயே சேர்ந்துவிடுகின்றன. வயநாட்டு மழையைச் சுமந்து வரும் கபினி அந்த அணைக்குக் கீழே வந்து கலக்கிறது. கபினி அணை நிரம்பியது என்ற செய்தி வந்ததும் மேட்டூர்க்காரர்கள் நிமிர்ந்து உட்காருவது இதனால்தான். சிவனசமுத்திரத்தில் ஆறு அருவியாக விழுகிறது. 1902-ஆம் ஆண்டிலேயே அங்கே நீர்மின்சாரம் எடுத்துக் கோலார் தங்கவயலுக்கு அனுப்பினார்கள். அதன்பின் சிம்ஷாவும் அர்க்காவதியும் சேர, மேகதாட்டுப் பாறையிடுக்கு வழியாகத் தமிழ்நாட்டின் எல்லைக்கு வருகிறது. எல்லையைக் கடக்கும் நீரைப் பிலிகுண்டுலுவில் அளக்கிறார்கள். உச்ச நீதிமன்றம் 2018-ஆம் ஆண்டுத் தீர்ப்பில் கர்நாடகம் ஆண்டுதோறும் தர வேண்டுமென்று நிர்ணயித்த 177.25 டி.எம்.சி. அங்குதான் கணக்கிடப்படுகிறது.

ஒகேனக்கல்வரை பொதுவாகக் கிழக்கு நோக்கி வந்த ஆறு, அங்கிருந்து தெற்கே திரும்பி மலைகளுக்கு நடுவே மேட்டூரை அடைகிறது. இந்தத் திருப்பம் பிற்காலத்தியது, தொன்மைக் காலத்தில் காவிரி வடகிழக்காகவே ஓடியிருக்கக்கூடும் என்று நிலவியலாளர் சிலர் கருதுகிறார்கள். மேட்டூரில் பாலமலையும் எதிர்ப்புறக் குன்றுகளும் ஆற்றை இருபுறமும் நெருக்குகின்றன. அதைத் தாண்டினால் ஆறு சமவெளியில் அகன்றுவிடும். மேலே பரந்த பள்ளத்தாக்கு, கீழே குறுகிய வாய், அடியில் கெட்டிப் பாறை ஆகிய மூன்றும் ஒருங்கே அமைந்ததால் பொறியாளர்களின் கண் மேட்டூர்மீது விழுந்தது.

இடம் வாய்த்தாலும் இசைவு எளிதில் வாய்க்கவில்லை. மைசூருக்கும் சென்னை மாகாணத்துக்கும் 1892-ஆம் ஆண்டிலேயே ஓர் உடன்பாடு இருந்தது. மைசூர் 1911-இல் கிருஷ்ணராஜ சாகர் வேலையைத் தொடங்கியபோது பூசல் முற்றியது. 1924-இல் புதிய ஒப்பந்தம் கையெழுத்தான பிறகே மேட்டூருக்கு வழி பிறந்தது. 1925-இல் தொடங்கிய பணி, கர்னல் எல்லிஸ் வகுத்த திட்டப்படி நடந்து 1934-இல் முடிந்தது. அவ்வாண்டு ஆகஸ்டு 21 அன்று ஆளுநர் ஸ்டான்லி அணையைத் திறந்து வைத்தார். நீர்த்தேக்கத்துக்கு ஸ்டான்லியின் பெயரும், 16 கண் மதகு அமைந்த உபரிநீர்ப் போக்கிக்கு எல்லிஸின் பெயரும் நிலைத்துவிட்டன.

அணை நம் மண்ணில் இருந்தாலும் அது தஞ்சைக் கழனிகளுக்காகக் கட்டப்பட்டது என்பதை ஒளிக்காமல் சொல்லியாக வேண்டும். ஜூன் 12 என்னும் திறப்பு நாளே டெல்டாவின் குறுவைக்காகக் குறித்த நாள்தான். மூழ்கிய ஊர்களோ சேலம், தருமபுரிப் பக்கத்தவை. நீர்மட்டம் வெகுவாக இறங்கும் ஆண்டுகளில் பண்ணவாடிப் பரிசல்துறைக்குப் போனால், பழைய ஜலகண்டேஸ்வரர் கோயிலின் நந்தியும் கிறிஸ்தவ ஆலயத்தின் கோபுரமும் வெடித்துக் கிடக்கும் வண்டலுக்கு நடுவே நிற்பதைக் காணலாம். சேலம், ஈரோடு, நாமக்கல் மாவட்டங்களில் 45,000 ஏக்கருக்குப் பாசனம் தரும் கிழக்கு, மேற்குக் கரைக் கால்வாய்கள் அணை திறந்து இருபது ஆண்டுகள் கழித்தே வந்தன. இந்தத் தாமதத்துக்கு எந்த நியாயமும் எங்களுக்குத் தென்படவில்லை.

கேள்வி: பண்ணவாடி, கோட்டையூர்ப் பக்கம் அணை நீர் சில மாதங்களில் பச்சையாகி நாற்றமடிக்கிறதே? – கொளத்தூர் வாசகி

பதில்: அது பாசி. வயல்களின் உரமும் மேலேயுள்ள ஊர்களின் கழிவும் நீரோடு கலந்து வந்து பாசிக்கு ஊட்டமாகின்றன. வரத்து நின்று நீர் அசையாமல் கரையோரம் தேங்கும்போது, வெயிலும் சேர்ந்துகொள்ள, அது படலமாகப் படர்ந்து பின் அழுகுகிறது. நுண்ணுயிர்க் கரைசல் தெளிப்பதால் நாற்றம் தற்காலிகமாகக் குறையும், ஊட்டம் வருவதை அது தடுக்காது.

கேள்வி: மேட்டூர் மீன் என்றால் கட்லாதான் என்கிறார்கள். அது காவிரியின் மீன்தானா? – சேலம் செவ்வாய்ப்பேட்டை வாசகர்

பதில்: அன்று. கட்லா வட இந்திய ஆறுகளுக்கு உரியது. மனிதர்கள் கொண்டுவந்து விட்டதால் இங்கே பெருகியது. மாறாக, கடலிலிருந்து ஆற்றில் எதிர்த்து ஏறிவந்து முட்டையிடும் உள்ளம் மீனுக்கு அணைகள் வழியை அடைத்துவிட்டன. சந்தையில் கட்லாவின் எடையைப் பார்த்து மகிழ்பவர்கள் இந்த இழப்பையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

கேள்வி: ஏற்காட்டில் பெய்யும் மழையெல்லாம் காவிரிக்குத்தான் போகிறதா? அப்படியென்றால் சேலத்தில் ஏன் இவ்வளவு தண்ணீர்ப் பஞ்சம்? – ஏற்காடு வாசகி

பதில்: எல்லாம் போவதில்லை. 5,300 அடிக்கு மேல் உயர்ந்த சேர்வராயன் மலை ஒரு நீர்ப்பிரி மேடு. தென்புறத்து நீர் திருமணிமுத்தாறாகச் சேலம் நகருக்குள் புகுந்து, சுகவனேசுவரர் கோயிலையும் உத்தமசோழபுரத்தையும் கடந்து, நாமக்கல் மாவட்டத்தில் காவிரியோடு சேர்கிறது. மேற்குச் சரிவின் நீர் சரபங்காவாகி ஓமலூர், எடப்பாடி வழியே காவிரியை அடைகிறது. தொப்பையாறு, மேட்டூர் அணைக்கு மேலேயே அதன் நீர்த்தேக்கத்தில் கலந்துவிடுகிறது. வடபுறத்து வாணியாறு மட்டும் தருமபுரிப் பக்கம் இறங்கித் தென்பெண்ணைக்குப் போகிறது. ஒரே மழையில் அருகருகே விழும் இரு துளிகளில் ஒன்று பூம்புகார்க் கடலுக்கும் மற்றொன்று கடலூர்க் கடலுக்கும் போகக்கூடும். (ஆத்தூர் வழியே ஓடும் வசிட்ட நதியோ வெள்ளாற்றில் சேர்ந்து பரங்கிப்பேட்டையில் கடலை அடைகிறது, ஆக, நம் மாவட்டத்தின் கிழக்குப் பகுதி காவிரிப் படுகையே அன்று.)

பஞ்சத்துக்கு முதற்காரணம் பாறை. மலையின் உடல் சார்னோகைட் என்னும் கெட்டிப் பாறை. அதற்குள் நீர் ஊறாது. மேலேயுள்ள மண்ணிலும் பாறை வெடிப்புகளிலும் மட்டுமே நிற்கும். அதனால் மழை பெய்த சில வாரங்களில் ஓடைகள் மெலிந்துவிடுகின்றன. இதை அறிந்தே முன்னோர் அடிவாரம் தொடங்கி வரிசையாக ஏரிகளை வெட்டி, ஒன்றின் கடைவாயிலிருந்து அடுத்ததற்கு வாய்க்கால் இழுத்தார்கள். மலைநீர் புது ஏரியை நிரப்பிவிட்டுக் கன்னங்குறிச்சி மூக்கனேரிக்கு வருவது அந்த ஏற்பாட்டின் மிச்சமே. 1911-இல் நகரின் குடிநீருக்கென்று அமைத்த பனமரத்துப்பட்டி ஏரியும் மழையை நம்பியே இருந்தது. பின்னர் மேட்டூரிலிருந்து குழாய் வந்தது. உள்ளூர் நீரின் மீதிருந்த அக்கறையும் அதோடு வற்றியது.

திருமணிமுத்தாற்றின் நிலை அதற்குச் சான்று. அடிவாரத்தில் தெளிவாக இறங்கும் நீர், அணைமேட்டைத் தாண்டுவதற்குள் சாக்கடையைச் சேர்த்துக்கொண்டு கறுத்துவிடுகிறது. அதற்குக் கீழே சாயக்கழிவும் கலப்பதால், மழை நாள்களில் தரைப்பாலங்களின்மேல் நுரை ஆளுயரத்துக்குத் திரண்டு வண்டிகளை மறிப்பதுண்டு. அந்த நுரையும் காவிரிக்குத்தான் போகிறது. கர்நாடகத்திலிருந்து கழிவுநீர் வருகிறது என்று முறையிடும் நாம் இதையும் பேச வேண்டும்.

கேள்வி: மேட்டூர் உபரிநீரைச் சரபங்கா வடிநிலத்து ஏரிகளுக்கு ஏற்றும் திட்டம் தண்ணீர்ப் பஞ்சத்துக்குத் தீர்வாகுமா? – எடப்பாடி வாசகர்

பதில்: ஓரளவுக்கு ஆகும். திப்பம்பட்டியிலிருந்து நீரேற்றி 100 வறண்ட ஏரிகளை நிரப்புவதற்கென 565 கோடி ரூபாயில் வகுக்கப்பட்ட இத்திட்டத்தின் முதற்பகுதி 2021-இல் தொடங்கப்பட்டது. ஆனால் அணை நிரம்பி உபரி வழியும் காலத்தில்தான் இது பயன்படும். குடகில் மழை பொய்த்த ஆண்டில் குழாயும் காய்ந்தே கிடக்கும். அத்தகைய ஆண்டிலும் சேர்வராயன் மலையில் வடகிழக்குப் பருவமழை பெய்யக்கூடும். அந்த நீர் ஏரிக்கு வந்து சேர, ஆக்கிரமிப்பில் மறைந்துபோன வரத்து வாய்க்கால்கள் திறந்திருக்க வேண்டும். நீரேற்றும் மின்கட்டணத்தோடு ஒப்பிட்டால் வாய்க்கால் தூர்வாரும் செலவு சிறியதே. உங்கள் ஊர் ஏரியின் வரத்து வாய்க்கால் எந்தப் புல எண்களின் வழியே வருகிறது என்பது கிராம நிர்வாக அலுவலரிடமுள்ள புல வரைபடத்தில் இருக்கும். அதை முதலில் பார்த்துவிட்டு, அடுத்த கிராமசபைக் கூட்டத்தில் எழுத்துமூலம் மனுவாகக் கொடுங்கள்.