ட்ரில்லியம் என்ற காட்டுப் பூவைப் பறித்தால் செடி செத்துவிடுமா?

பூவை மட்டும் கிள்ளினால் செடி பெரும்பாலும் பிழைத்துக்கொள்ளும், அந்த ஆண்டு விதை மட்டும் கிடைக்காது. ஆனால் யாரும் பூவை மட்டும் கிள்ளுவதில்லை, தண்டோடுதான் ஒடிப்பார்கள். சிக்கலே அங்கேதான்.

வட அமெரிக்காவின் மேற்குப் பகுதியில், பிரிட்டிஷ் கொலம்பியா முதல் கலிபோர்னியா வரை, டக்ளஸ் ஃபிர், செம்மரம் (நம்மூர்ச் செம்மரம் இல்லை, வானுயர்ந்த ரெட்வுட்) போன்ற ஊசியிலை மரங்களின் ஈர நிழலில் வளர்வது மேற்கத்திய ட்ரில்லியம். ஒரு தண்டு, அதன் உச்சியில் மூன்று இலை, நடுவில் மூன்று இதழ்ப் பூ. அவ்வளவுதான் செடி. வெள்ளையாக விரியும் பூ, வயதாக ஆக இளஞ்சிவப்பாகி ஊதாவில் முடியும். வேறு வேறு நிறச் செடிகள் என்று ஏமாந்துபோவோரும் உண்டு.

அந்த மூன்று இலைகள்தான் அதன் மொத்தச் சமையலறை. பூவோடு அவையும் போனால், மண்ணுக்கடியில் இருக்கும் கிழங்கு அடுத்த ஆண்டுக்கான உணவைச் சேர்க்க முடியாது. அந்தப் பருவத்தில் புது இலையும் விடாது. சில செடிகள் பல ஆண்டுகள் பூக்காமல் கிடக்கும், சில மடிந்தே போகும்.

அப்புறம், விதையிலிருந்து முதல் பூ வர ஏழெட்டு ஆண்டுகள்கூட ஆகலாம். விதையை எறும்புகள்தான் தூக்கிப் போகின்றன. அதில் ஒட்டியிருக்கும் கொழுப்புச் சதையைத் தின்றுவிட்டு, விதையைப் புற்றோரம் போட்டுவிடும். எறும்பு எவ்வளவு தூரம் நடக்கும்? அதனால் பறித்து வெறுமையான இடத்தில் மறுபடி பரவுவது மிக மெதுவாகத்தான் நடக்கும்.